ரயில் நின்ற பிறகு அந்த நிலம் யாருக்கு?

சிகாகோவின் மேற்குப் புறநகர்களில் 1957 ஜூலை 3ஆம் தேதி காலை ரயில் பிடித்து வேலைக்குப் போனவர்களுக்கு, மாலையில் வீடு திரும்ப ரயில் இல்லை. சிகாகோ அரோரா அண்ட் எல்ஜின் என்ற மின்ரயில் நிறுவனம் பல வருடங்களாக நஷ்டத்தில் ஓடிக்கொண்டிருந்தது. பயணிகள் சேவையை நிறுத்திக்கொள்ளலாம் என்று நீதிமன்றம் சொன்னதும், சாயங்காலம் வரைகூடப் பொறுக்காமல் நண்பகல் வாக்கிலேயே வண்டிகளை நிறுத்திவிட்டது. ஆயிரக்கணக்கானவர்கள் நகரத்தில் மாட்டிக்கொண்டார்கள். இன்று அதே தடத்தில் ‘இல்லினாய் பிரெய்ரி பாத்’ என்ற பெயரில் கிட்டத்தட்ட 98 கிலோமீட்டர் நீளத்துக்கு நடக்கலாம், ஓடலாம், சைக்கிள் ஓட்டலாம்.

பழைய ரயில் பாதையை நடைபாதையாக மாற்றுவது இப்போது பல நாடுகளில் சாதாரணமாகிவிட்டது. அமெரிக்காவில் இதை ‘ரெயில் டிரெயில்’ என்கிறார்கள். இதைப் பற்றி வரும் செய்திகளில் பெரும்பாலும் பூவும் பறவையும் உடற்பயிற்சியும்தான் இருக்கும். கிராமப்புறத்துப் பாதைகளுக்கு அது ஓரளவு சரி. விஸ்கான்சின் மாநிலத்தில் எல்ராய் முதல் ஸ்பார்ட்டா வரை, மூன்று சுரங்கங்கள் வழியாகப் போகும் பாதைக்கு 1965லேயே நிலம் வாங்கினார்கள். இந்த வகைப் பாதைகளில் முதலாவது என்று அதைத்தான் சொல்வது வழக்கம். புறநகரில் கதை வேறு மாதிரி. அங்கே நிலத்துக்கு ஆளாளுக்கு அடிதடி. அந்த அடிதடியைக் கவனிக்காமல் புறநகர் ரயில் தடங்களைப் புரிந்துகொள்ள முடியாது.

முதலில், ரயில் ஏன் நின்றது? அமெரிக்காவின் ரயில் வலைப்பின்னல் 1916ல் உச்சத்தைத் தொட்டது: சுமார் நான்கு லட்சம் கிலோமீட்டர். அதன்பின் காரும் லாரியும் வந்தன, பாதைகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன. இது பொதுவான விளக்கம். ஆனால் சிகாகோ பாதையின் கதையில் கூடுதலாக ஒரு கொடுமை இருக்கிறது. அந்த வண்டிகள் நகரத்தின் மையத்துக்குள் நுழைவதற்குத் தூண்கள் மேல் போன ஒரு பழைய மெட்ரோ பாதையைத்தான் நம்பியிருந்தன. 1953ல் விரைவுச்சாலை ஒன்று கட்டுவதற்காக அந்தப் பாதையை அப்புறப்படுத்தினார்கள். மின்ரயில் ஃபாரஸ்ட் பார்க் என்ற இடத்தோடு நின்றுவிட, பயணிகள் அங்கே இறங்கி வேறு வண்டி மாற வேண்டியதாயிற்று. சீக்கிரத்திலேயே பாதிப் பேர் விலகிப் போனார்கள். எங்கே போயிருப்பார்கள்? காருக்கோ வேறு ரயிலுக்கோதான். அரசுப் பணத்தில் சாலை, சொந்தப் பணத்தில் தண்டவாளம் என்ற போட்டியில் தனியார் ரயில் நிறுவனம் நான்கு வருடம் தாக்குப்பிடித்ததே பெரிய விஷயம்.

சரக்கு வண்டிகள் 1959ல் நின்றன. 1961ல் பாதை முறைப்படி கைவிடப்பட்டது. தண்டவாளத்தையும் ஸ்லீப்பர் கட்டைகளையும் கழற்றிப் பழைய இரும்பாகவும் மரமாகவும் விற்றாயிற்று. மிச்சம் இருந்தது நீளமான ஒரு நிலத்துண்டு மட்டுமே.

இந்த நீளத்துண்டின் மதிப்பை உணர, இன்றைக்கு அதைப் புதிதாக உருவாக்க முயன்றால் என்ன ஆகும் என்று யோசித்தால் போதும். வீடுகளும் கடைகளும் பள்ளிகளும் நெருக்கியடிக்கும் ஒரு புறநகரில், இருபது முப்பது மீட்டர் அகலத்தில், இடையில் எங்கும் அறுபடாத முப்பது கிலோமீட்டர் நிலம் வேண்டும் என்று ஒரு நகராட்சி கிளம்பினால், ஆயிரக்கணக்கான உரிமையாளர்களிடம் போய் நிற்க வேண்டும். நடக்காத காரியம். ரயில் நிறுவனங்கள் அதைச் சாதித்ததற்குக் காரணம் காலம்தான். அவை நிலம் எடுத்தபோது அங்கே வயல்கள்தான் இருந்தன. போதாக்குறைக்கு, விற்க மறுப்பவரின் நிலத்தையும் விலை கொடுத்துக் கட்டாயமாக எடுக்கும் அதிகாரத்தை அரசுகள் ரயில் நிறுவனங்களுக்குக் கொடுத்திருந்தன. ரயில் வந்த பிறகுதான் ஊர் வந்தது; ஸ்டேஷனைச் சுற்றி வீடுகள் முளைத்தன. எனவே ரயில் தடம் என்பது புறநகரைவிட வயதில் மூத்தது. அதனால்தான் அது எல்லாவற்றையும் ஊடுருவிப் போகிறது: பள்ளிக்குப் பின்னால், கடைத்தெருவின் நடுவே, பழைய ஸ்டேஷன் இருந்த ஊர்மையத்தின் வழியாக.

ஆனால் இந்த மதிப்பு கண்ணாடிக் குழாய் மாதிரி. ஒரே ஓர் இடத்தில் உடைந்தாலும் முழுக் குழாயும் வீண். நடுவில் ஒருவர் ஒரு கிடங்கு கட்டிவிட்டால், அதற்கு இருபுறமும் உள்ள பத்து பத்துக் கிலோமீட்டர் வெறும் முட்டுச்சந்துகளாகிவிடும்.

சிகாகோவில் இதை முதலில் உரக்கச் சொன்னவர் மே வாட்ஸ் என்ற தாவரவியலாளர். அருகிலிருந்த மார்ட்டன் தாவரப் பூங்காவில் பணியாற்றியவர், அப்போது எழுபதை எட்டியிருந்தார். பிரிட்டனின் பொது நடைபாதைகளில் நடந்து பார்த்தவர். 1963 செப்டம்பர் 30 அன்று சிகாகோ டிரிப்யூன் நாளிதழில் அவர் கடிதம் வெளியானது. நாம் இரண்டு காலில் நிமிர்ந்து நடக்கும் மனிதர்கள், நமக்கு ஒரு நடைபாதை வேண்டும் என்று தொடங்கி, இந்த நிலத்தைப் பார்த்துப் புல்டோசர்கள் எச்சில் ஊற்றிக்கொண்டிருக்கின்றன, தாமதித்தால் போய்விடும் என்கிற எச்சரிக்கையோடு எழுதியிருந்தார். அவரிடம் இன்னொரு நியாயமும் இருந்தது. இல்லினாய் மாநிலத்தின் பிரெய்ரி புல்வெளிகளில் அநேகமாக எல்லாமே உழப்பட்டுச் சோள வயல்களாகிவிட்டன. ஏர் படாமல் தப்பிய இடங்களில் முக்கியமானவை ரயில் நிறுவனங்களின் வேலிக்குள் இருந்த ஓரங்கள். அந்த மண்ணின் பழைய புற்களும் பூச்செடிகளும் அங்கேதான் ஒதுங்கிப் பிழைத்திருந்தன.

1965ல் தன்னார்வலர்கள் ஓர் அமைப்பைப் பதிவு செய்தார்கள். டூபேஜ் கவுன்டி (நம் மாவட்டம் போன்ற நிர்வாகப் பகுதி) அரசு தன் எல்லைக்குள் இருந்த தடத்தை வாங்கி, 1966ல் அந்த அமைப்புக்குக் குத்தகைக்கு விட்டது. 1971ல் தேசியப் பொழுதுபோக்குத் தடம் என்ற அங்கீகாரம் கிடைத்தது. சொல்லும்போது சுலபமாகத்தான் தெரிகிறது. அப்போது இதற்கென்று எந்தச் சட்டமும் கிடையாது. கவுன்டி மனம் வைக்காமல் இருந்திருந்தால் வேலை முடிந்திருக்கும். மற்ற பல ஊர்களில் முடியத்தான் முடிந்தது.

அதற்குக் காரணம் ரயில் நிலத்தின் பட்டாவில் இருக்கும் சிக்கல். தண்டவாளம் கிடக்கும் நிலம் முழுவதும் ரயில் நிறுவனத்துக்குச் சொந்தம் என்றுதான் பலரும் நினைப்பார்கள். சில இடங்களில் அப்படித்தான்: முழுக் கிரயம் கொடுத்து வாங்கியிருப்பார்கள். ஆனால் பல இடங்களில் கையில் இருந்தது வழியுரிமை மட்டுமே. ரயில் ஓடும்வரை அந்த நிலத்தைப் பயன்படுத்தலாம்; ரயில் நின்று, பாதை முறைப்படி கைவிடப்பட்டதும் அந்த உரிமை மறைந்து, நிலம் பக்கத்து நிலத்துக்காரரின் முழு அனுபவத்துக்குத் திரும்பிவிடும். முப்பது கிலோமீட்டர் தடத்தில் சில நூறு மீட்டர் இப்படிப் போனாலும் கதை முடிந்தது. ஒவ்வொரு பத்திரத்தையும் எடுத்து, நூறு வருடத்துக்கு முந்தைய வாசகத்தில் எழுதியிருப்பது கிரயமா வழியுரிமையா என்று வக்கீல்கள் மல்லுக்கட்ட வேண்டும்.

1970களில் அமெரிக்க ரயில் நிறுவனங்கள் வரிசையாகத் திவாலாயின. 1980ல் வந்த ஸ்டாகர்ஸ் சட்டம் நஷ்டப் பாதைகளைக் கைவிடுவதை எளிதாக்கியது. தடங்கள் வேகமாகத் துண்டாடப்பட, நாடாளுமன்றம் விழித்துக்கொண்டது. 1983ல் தேசியத் தடங்கள் சட்டத்தில் ஒரு திருத்தம் கொண்டுவந்தார்கள். ‘ரெயில்பேங்கிங்’ என்று அதற்குப் பெயர். ரயில் ஓடாத பாதையைக் ‘கைவிடப்பட்டது’ என்று அறிவிக்காமல், எதிர்காலத்தில் ரயில் திரும்பக்கூடும் என்று சொல்லி நிலுவையில் வைப்பது அதன் சாரம். அதுவரை ஓர் உள்ளாட்சியோ அறக்கட்டளையோ நிலத்தின் வரி, பராமரிப்பு, விபத்துப் பொறுப்பு எல்லாவற்றையும் ஏற்றுக்கொண்டு அதில் நடைபாதை போட்டுக்கொள்ளலாம். சட்டத்தின் கண்ணில் பாதை இன்னும் சாகவில்லை. சாகாத பாதையின் வழியுரிமை எப்படிப் பக்கத்து நிலத்துக்காரருக்குத் திரும்பும்?

கெட்டிக்காரத்தனமான ஏற்பாடு. பக்கத்து நிலத்துக்காரர்களுக்கு அது ஏமாற்று வேலையாகத் தெரிந்ததிலும் வியப்பில்லை. தாத்தா காலத்தில் ரயிலுக்காக விட்டுக்கொடுத்த நிலம் ரயில் போனதும் நமக்கு வரும் என்று காத்திருந்தவரின் கொல்லைப்புறத்தில், திடீரென்று ஊரே நடமாட ஆரம்பிக்கிறது. வெர்மான்ட் மாநிலத்தின் பர்லிங்டன் நகரில் ஒரு குடும்பம் இதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போனது. 1990ல் தீர்ப்பு வந்தது. சட்டம் செல்லும், ஆனால் நிலத்துக்காரர் தன் சொத்து பறிபோனதாகக் கருதினால் மத்திய அரசிடம் இழப்பீடு கேட்டு வழக்குப் போடலாம். ஆக, பாதையும் இருக்கும், பணமும் கேட்கலாம். அந்தக் குடும்பத்தின் வழக்கில் இழப்பீடு உண்டு என்று பின்னர் முடிவானது. அதன் பிறகு இதே வகையில் ஏராளமான வழக்குகள். 2014ல் வயோமிங் மாநில வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் எட்டுக்கு ஒன்று என்ற கணக்கில் நிலத்துக்காரர் பக்கம் நின்றது. 1875ஆம் வருடச் சட்டத்தின்கீழ் அரசு நிலத்தில் ரயில்களுக்குக் கொடுத்தது வெறும் வழியுரிமைதான், கைவிட்டதும் அது மறைந்துவிடும் என்றது அந்தத் தீர்ப்பு. ரெயில்பேங்கிங் செய்யாமல் கைவிடப்பட்ட பாதைகளுக்குத்தான் அதில் அடி.

நிலம் கைக்கு வந்தால் பாதை போடுவது ஒப்பீட்டில் எளிது. எஃகுத் தண்டவாளத்தில் எஃகுச் சக்கரத்துக்குப் பிடிமானம் குறைவு. ஏற்றம் கூடினால் சக்கரம் வழுக்கும். அதனால் ரயில் பாதைகளில் நூறு மீட்டருக்கு ஒரு மீட்டர் ஏற்றம் என்பது இயல்பு, இரண்டைத் தாண்டுவது அரிது. இதற்காக மேட்டை வெட்டி, பள்ளத்தில் கரை எழுப்பி, அன்றைக்கே மண் வேலையை முடித்துவிட்டார்கள். சக்கர நாற்காலியில் போகிறவரும், குழந்தையை வண்டியில் தள்ளிக்கொண்டு போகிறவரும், எழுபது வயதுக்காரரும் மூச்சு வாங்காமல் போகலாம். ஜல்லியின் மேல் நன்றாக இறுக்கிய சுண்ணாம்புக்கல் தூளோ தாரோ போட்டால் பாதை தயார். பாலங்களும் ரயிலின் எடைக்குக் கட்டியவை என்பதால், கைப்பிடிச் சுவரும் மேல்தளமும் மாற்றினால் பெரும்பாலும் போதும்.

மண்ணைப் பற்றி ஓர் எச்சரிக்கை. ரயில் தடங்களில் களை வளராமல் இருக்க ஒரு காலத்தில் ஆர்சனிக் கலந்த மருந்துகளை அடித்தார்கள். ஸ்லீப்பர் கட்டைகளில் உளுக்காமல் இருக்கக் கிரியோசோட் எண்ணெய் ஊறியிருக்கும். நிலக்கரிச் சாம்பலையும் தடத்திலேயே கொட்டுவார்கள். எனவே மண்ணைச் சோதிக்காமல் தோண்டுவது தவறு. பொதுவாக அதைக் கிளறாமல் மேலே மூடிவிடுகிறார்கள். தார்ப் பாதையே ஒரு மூடிதான்.

புறநகரில் உண்மையான தொந்தரவு குறுக்குச் சாலைகள். ரயில் ஓடியபோது லெவல் கிராசிங்கில் கதவு இறங்கும், கார்கள் நிற்கும், ரயில் போகும். ரயில் நடைபாதையானதும் முன்னுரிமை தலைகீழாகிவிடுகிறது: கார் போகும், சைக்கிள்காரர் நின்று பார்த்துக் கடக்க வேண்டும். சில நூறு மீட்டருக்கு ஒரு சாலை குறுக்கிடும் புறநகரில் இது சலிப்பான வேலை மட்டுமில்லை, ஆபத்தும்கூட. பாதையின் தரத்தை நான் இதை வைத்துத்தான் எடைபோடுவேன். பெரிய சாலைகளுக்கு மேம்பாலமோ கீழ்ப்பாலமோ கட்டியிருக்கிறார்களா, சின்னத் தெருக்களில் நிற்க வேண்டியது காரா சைக்கிளா? பெஞ்சும் பெயர்ப்பலகையும் அப்புறம்.

பக்கத்து வீட்டுக்காரர்களின் எதிர்ப்பு கிட்டத்தட்ட எல்லா இடத்திலும் ஒரே மாதிரி வருகிறது: திருடர்கள் வருவார்கள், கொல்லைப்புறம் தெரியும், வீட்டு விலை விழும். பாதை வந்து சில வருடங்களில் அதே வேலிகளில் சின்னக் கதவுகள் முளைக்கின்றன. வீட்டு விற்பனை விளம்பரங்களில் பாதைக்கு எவ்வளவு பக்கம் என்று முதல் வரியிலேயே போடுகிறார்கள். எதிர்த்தவர்கள் எல்லோரும் மனம் மாறிவிட்டார்கள் என்று இதற்கு அர்த்தமில்லை. அந்த வீட்டில் இப்போது வேறு ஆள்கூட இருக்கலாம்.

தடம் அறுபடாமல் தப்பியதற்கு எல்லா ஊரிலும் நல்லெண்ணம்தான் காரணம் என்று நினைக்க வேண்டாம். வாஷிங்டனுக்கு மேற்கே, வடக்கு வர்ஜீனியாவின் புறநகர்களை ஊடுருவும் வாஷிங்டன் அண்ட் ஓல்டு டொமினியன் தடம் 72 கிலோமீட்டர். ரயில் 1968ல் கைவிடப்பட்டது. ஆர்லிங்டனில் ஒரு பகுதி நெடுஞ்சாலைக்குப் போனது. மிச்சத்தைப் பெரும்பாலும் வாங்கியது மின்சார நிறுவனம். அதற்கு உயரழுத்தக் கம்பிகளைக் கொண்டுபோக நீளமான நிலம் வேண்டியிருந்தது. மின்கம்பிக்கு வேண்டியது அறுபடாத நிலம், கட்டடமற்ற நிலம், நடைபாதைக்கும் அதேதான். 1974ல் ஃபால்ஸ் சர்ச் நகரில் ஒரு துண்டில் சோதனையாகப் பாதை போட்டார்கள். 1978 முதல் வட்டாரப் பூங்கா ஆணையம் தடத்தை வாங்கத் தொடங்கியது. பத்து வருடத்தில் கடைசிவரை பாதை போட்டு முடிந்தது. இன்றும் அங்கே தலைக்கு மேலே கம்பிகள் போகின்றன. அழகில்லை என்று குறைப்படுபவர்கள், அந்தக் கம்பிகள் இல்லாவிட்டால் இந்த நிலமே இருந்திருக்காது என்பதை மறந்துவிடுகிறார்கள்.

பாஸ்டனுக்கு வடமேற்கே உள்ள மினிட்மேன் பாதையின் கதை இன்னும் சிக்கல். 1846ல் போட்ட ரயில் தடம். 1977 ஜனவரியில் ஒரு பனிப்புயலோடு பயணிகள் ரயில் நின்றது, அப்புறம் ஓடவே இல்லை. 1981ல் சரக்கும் நின்றது. அந்த 1970களிலேயே பாஸ்டன் மெட்ரோவின் சிவப்புப் பாதையை ஆர்லிங்டன் (வர்ஜீனியாவில் இருப்பது வேறு ஊர்), லெக்சிங்டன் வழியாக நீட்டும் திட்டம் பேச்சில் இருந்தது. ஆர்லிங்டனில் பலத்த எதிர்ப்பு. மெட்ரோ 1985ல் ஆர்லிங்டன் எல்லைக்கு முன்பாக, கேம்பிரிட்ஜின் ஓரத்தில் ஏல்வைஃப் ஸ்டேஷனோடு நின்றுவிட்டது. 1991ல் பழைய தடத்தை ரெயில்பேங்கிங் செய்து, அடுத்த வருடம் 16 கிலோமீட்டர் சைக்கிள் பாதையைத் திறந்தார்கள். இன்று அது மிக நெரிசலான புறநகர்ப் பாதைகளில் ஒன்று. காலையில் சைக்கிளில் வந்து ஏல்வைஃபில் மெட்ரோ ஏறுபவர்கள் நிறைய. மெட்ரோவை மறுத்த ஊரின் மக்கள் மெட்ரோவுக்குப் போக மெட்ரோ வந்திருக்க வேண்டிய வழியில் சைக்கிள் மிதிக்கிறார்கள். ஊருக்கு லாபமா நஷ்டமா என்று கேட்டால், சைக்கிள் ஓட்டத் தெரியாதவரிடமும் கேட்டுப் பார்க்க வேண்டும்.

பிரிட்டனில் இப்படி நிலத்தைக் காப்பாற்றி வைக்கும் சட்டம் இருக்கவில்லை. நஷ்டப் பாதைகளை மூடச் சொல்லி 1963ல் வந்த பீச்சிங் அறிக்கைக்குப் பிறகு ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் பாதைகள் மூடப்பட்டன, நிலம் துண்டு துண்டாகக் கைமாறியது. தப்பிய சில தடங்களில் பிரிஸ்டலுக்கும் பாத் நகருக்கும் இடையே உள்ள 21 கிலோமீட்டர் பாதை பேர்பெற்றது. தன்னார்வலர்களே இறங்கி வேலை செய்து 1979 முதல் 1986 வரை போட்டார்கள். மறுபக்கம், எடின்பரோவிலிருந்து தெற்கே 1969ல் மூடிய பாதையின் ஒரு பகுதியில் 2015ல் மறுபடி ரயில் விட்டபோது, இடையில் நகரச் சுற்றுச்சாலை தடத்தை வெட்டிக்கொண்டு போயிருந்தது. அதைக் கடக்கப் புதிதாக வழி அமைக்க வேண்டியிருந்தது.

ரெயில்பேங்கிங் சட்டம் ‘ரயில் திரும்பலாம்’ என்று சொன்னதை அமெரிக்காவில் பலரும் சட்டத்துக்காகச் சொன்ன சாக்கு என்றே எடுத்துக்கொண்டார்கள். மேரிலாந்து மாநிலத்தின் மான்ட்கோமரி கவுன்டியில் அது சாக்கில்லை என்று தெரிந்தது. ஜார்ஜ்டவுன் கிளைப் பாதையில் 1985ல் ரயில் நின்றதும், கவுன்டி 1988ல் தன் எல்லைக்குள் இருந்த தடத்தை இந்தச் சட்டத்தின்கீழ் வாங்கியது. வாங்கும்போதே அதன் மனதில் டிராம் வண்டி ஒன்று இருந்தது. அதுவரைக்கும் என்று சொல்லி, பெத்தெஸ்டாவிலிருந்து சில்வர் ஸ்பிரிங் வரை சரளைப் பாதை ஒன்று போட்டார்கள். இரண்டு பக்கமும் மரங்கள் வளர்ந்து மேலே கூடிக்கொண்டன. ஒரு தலைமுறை அந்த நிழலிலேயே நடந்து பழகிவிட்டது.

பிறகு பர்ப்பிள் லைன் திட்டம் வந்தது: 26 கிலோமீட்டர், 21 நிலையங்கள், புறநகரையும் புறநகரையும் இணைக்கும் இலகு ரயில். எதிர்த்தவர்கள் நீதிமன்றம் போனார்கள். 2016ல் கீழ் நீதிமன்றம் திட்டத்தின் மத்திய ஒப்புதலை ரத்து செய்தது; 2017 ஜூலையில் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதைத் திருப்பிக் கொடுத்தது. செப்டம்பரில் பாதையை மூடி மரங்களை வெட்டினார்கள். மரத்தைக் கட்டிப்பிடித்து அழுதவர்களைக் கேலி செய்ய எனக்கு மனமில்லை. அவர்கள் இழந்தது உண்மையான ஒன்று. ஆனால் அந்த மரங்கள் வளர நிலம் இருந்ததே, என்றோ ஒருநாள் ரயில் வரும் என்று எழுதிக் கொடுத்ததால்தான்.

ஒப்பந்தப்படி தண்டவாளத்துக்குப் பக்கத்திலேயே நடைபாதையையும் திரும்பப் போட வேண்டும், இந்த முறை சரளைக்குப் பதில் தார்ப் பாதையாக. ஒரே ஓர் இடத்தில் மட்டும் இரண்டுக்கும் இடம் போதவில்லை. பெத்தெஸ்டாவில் கட்டடங்களுக்கு அடியில் போகும் பழைய சுரங்கத்தை ரயில் எடுத்துக்கொண்டது. நடப்பவர்களுக்கும் சைக்கிள்காரர்களுக்கும் தனியாக இன்னொரு சுரங்கம் தோண்டும் செலவு கவுன்டியின் தலையில். அதுவரை அவர்கள் மேலே ஏறி, விஸ்கான்சின் அவென்யூவின் சிக்னலில் கார்களோடு நின்று கடக்க வேண்டியதுதான்.